அடுக்குலகியல்: மிச்சம் என்று சொல்வதற்கு முன்னால் கழிக்க வேண்டியவை

1746 செப்டம்பரில் பிரெஞ்சுக்காரர்கள் மதராசைப் பிடித்தார்கள். ஆங்கிலேயர் கணக்கில் அந்த நாள் செப்டம்பர் 10. புதுச்சேரிப் பிரெஞ்சுக்காரர் கணக்கில் செப்டம்பர் 21. ஆனந்தரங்கப் பிள்ளை தினசரி எழுதிய தமிழ்க் கணக்கில் அட்சய வருஷம் புரட்டாசி மாதம். அன்றைக்குப் புதுச்சேரியிலிருந்து தெற்கே இருபது கிலோமீட்டர் சொச்சம் நடந்து, ஆங்கிலேயர் கையில் இருந்த கடலூர் தேவனாம்பட்டினத்துக் கோட்டை வாசலில் போய் நின்றிருந்தால், தேதி 11 நாள் பின்னால் போயிருக்கும். திரும்பி வந்தால் மறுபடி 11 நாள் முன்னால். நடுவில் பெண்ணையாறு ஒன்றைத் தவிர வேறு எந்த மாயமும் கிடையாது.

இந்த மூன்று கணக்கிலும் மாறாத ஒன்று உண்டு. அன்றைக்குப் புதன்கிழமை. கோட்டையிலும் புதன், புதுச்சேரியிலும் புதன், பஞ்சாங்கத்திலும் புதன். அடுக்குலகியலில் இந்தப் புதன்கிழமைக்குப் பெயர் மூட்டு.

அடுக்குலகியல் என்று ஒரு துறை எந்தப் பல்கலைக்கழகத்திலும் இல்லை. கதை எழுதுகிறவர்களுக்கும் கதை விளையாட்டு அமைக்கிறவர்களுக்குமான கற்பனைத் துறை. ஒரே இடத்தில் ஒன்றன்மேல் ஒன்றாகவும் பக்கம் பக்கமாகவும் கிடக்கும் உலகங்களை ஆராய்வது இதன் வேலை. குவாண்டம் இயற்பியலில் ஹியூ எவரெட் 1957இல் முன்வைத்த கிளை உலகங்களோடு இதைப் போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம். அது சமன்பாட்டில் பிறந்தது. இது தெருவில் நாடா பிடித்து அளப்பது. கற்பனைத் துறைதானே, எதை வேண்டுமானாலும் சொல்லிவிடலாம் என்று இறங்குகிறவர்கள் இரண்டாவது அத்தியாயத்திலேயே மாட்டிக்கொள்வார்கள். வாசகர் நம்புவது உலகத்தை அல்ல, அந்த உலகத்தை அளந்த விதத்தைத்தான். பயிற்சிக்குப் புதுச்சேரி, கடலூர் வட்டாரத்தை விட வாகான இடம் கிடைப்பது கஷ்டம். இங்கே நிஜமே ஏழெட்டு அடுக்கு.

நாலு சொல் தெரிந்தால் போதும். காலத்தால் ஒன்றின் மேல் ஒன்று படிந்தது அடுக்கு. ஒரே காலத்தில் பக்கத்தில் பக்கத்தில் ஓடுவது இணை. இரண்டையும் ஒப்பிட இடம் கொடுக்கிற, இரண்டிலும் மாறாத புள்ளி மூட்டு. தெரிந்த பிழை எல்லாவற்றையும் கழித்த பிறகும் பொருந்தாமல் நிற்பது மிச்சம். வேறு உலகம் என்ற பேச்சை மிச்சத்தை வைத்துத்தான் எடுக்க வேண்டும். ஆரம்பிக்கிறவர்களில் முக்கால்வாசிப் பேர் பொருந்தாமையைப் பார்த்த உடனே மிச்சம் என்று எழுதிவிடுகிறார்கள். அது மிச்சம் இல்லை, கழிக்காத கணக்கு.

கழிப்பதற்கு ஒரு வரிசை இருக்கிறது: நாட்காட்டி, அளவுகோல், தீர்க்கரேகை, கடிகாரம், பெயர். வரிசையை மாற்றினால் பின்னால் வருவது முன்னால் செய்ததைக் கெடுக்கும். உதாரணமாக, எந்த ஆண்டு ஆவணம் என்று தெரியாமல் அதில் உள்ள அடி யாருடைய அடி என்று சொல்ல முடியாது.

நாட்காட்டியில் இருந்து தொடங்குவோம், ஏனென்றால் இங்கேதான் நிறைய வழுக்கும். பிரெஞ்சுக்காரர்கள் 1582இலேயே கிரிகோரியன் நாட்காட்டிக்கு மாறிவிட்டார்கள். ஆங்கிலேயர்கள் 1752 செப்டம்பர் 2 வரை பழைய ஜூலியன் கணக்கையே பிடித்துக்கொண்டிருந்தார்கள். அதற்கு அடுத்த நாள் அவர்களுக்கு செப்டம்பர் 14. 1700 மார்ச்சில் இருந்து 1752 வரை வித்தியாசம் 11 நாள். அதற்கு முன் 17ஆம் நூற்றாண்டில் 10 நாள். எனவே 1690இல் தேவனாம்பட்டினக் கோட்டையை ஆங்கிலக் கம்பெனி விலைக்கு வாங்கிய கால ஆவணங்களுக்கு 11ஐக் கூட்டினால் ஒரு நாள் தப்பும். அந்த ஒரு நாளை மிச்சமாக நினைத்துக் கதை கட்டினால் கதையே போச்சு.

தப்பைக் கண்டுபிடிக்கக் கிழமை உதவும். 11 என்பது ஏழும் நாலும். ஜூலியன் தேதியைத் தெரியாமல் கிரிகோரியன் என்று எடுத்துக் கிழமை கணக்கிட்டால், வருகிற கிழமைக்கும் ஆவணத்தில் இருக்கிற கிழமைக்கும் நாலு நாள் இடைவெளி விழும். மேலே சொன்ன உதாரணத்தில் 1746 செப்டம்பர் 10ஐ அப்படியே இன்றைய நாட்காட்டி முறையில் போட்டால் சனிக்கிழமை வரும். உண்மையில் அன்று புதன். சனியிலிருந்து புதனுக்கு நாலு. 1700க்கு முந்தைய ஆவணமானால் இந்த இடைவெளி மூன்று. நாலும் இல்லாமல் மூன்றும் இல்லாமல் ஒன்றோ ஐந்தோ வந்தால் நகல் எடுத்தவர் கைப்பிழையைத் தேடுங்கள். பழைய கையெழுத்தில் 1உம் 7உம் அண்ணன் தம்பி மாதிரி இருக்கும்.

இன்னொரு குழி ஆண்டு. 1752க்கு முன் ஆங்கிலேயரின் சட்டப்படியான ஆண்டு மார்ச் 25இல்தான் பிறக்கும். ஆகையால் ஜனவரி 1 முதல் மார்ச் 24 வரை உள்ள கடிதங்களில் ஒரு வருடம் குறைவாக இருக்கலாம். கடலூரில் இருந்து 1746 பிப்ரவரி என்று வந்த கடிதத்துக்குப் புதுச்சேரியில் 1747 பிப்ரவரி என்று பதில் இருந்தால் பதில் ஒரு வருடம் தாமதம் ஆகவில்லை. பதினைந்து நாளுக்குள் வந்த பதிலாகவே இருக்கலாம்.

தமிழ்க் கணக்கு வேறு விதமாக ஏமாற்றும். அறுபது வருடத்துக்கு ஒரு முறை பெயர் திரும்பி வரும். பிரபவ என்று மட்டும் எழுதியிருந்தால் அது 1747ஆ, 1807ஆ, 1867ஆ, 1927ஆ, 1987ஆ என்று பெயரைப் பார்த்துச் சொல்ல முடியாது. கூடவே சித்திரை முதல் நாளும் நகர்கிறது. நம் சூரிய ஆண்டு கிரிகோரியன் ஆண்டை விடக் கொஞ்சம் நீளம், சுமார் அறுபது ஆண்டுக்கு ஒரு நாள் தள்ளும். இன்றைக்கு ஏப்ரல் 14இல் வருகிற வருடப்பிறப்பு பிள்ளை காலத்தில் நாலு நாள் போல முன்னால் வந்தது. இன்றைய காலண்டரை வைத்துப் புரட்டாசி தேதியை மாற்றினால் அந்த நாலு நாள் மிச்சம் போலக் காட்டும்.

நோட்டில் எழுதும் விதம் இப்படி இருக்க வேண்டும்: "மூட்டு: புதன். அடுக்கு அ: 10. அடுக்கு ஆ: 21. வேறுபாடு: 11. காரணம்: நாட்காட்டி. மிச்சம்: 0." பூஜ்ஜியத்தை எழுதுவது முக்கியம். எழுதாமல் விட்டால் ஆறு மாதம் கழித்து அதே வேறுபாட்டை மறுபடி கண்டுபிடித்துச் சந்தோஷப்படுவீர்கள்.

அடுத்தது அளவுகோல். பழைய பிரெஞ்சு வரைபடங்களில் அடி என்றால் அது பாரிஸ் அடி, 32.48 சென்டிமீட்டர். ஆங்கில அடி 30.48. அடிக்கு இரண்டு சென்டிமீட்டர்தானே என்று விடக் கூடாது. பிரெஞ்சுக்காரர்கள் ஆறு அடியை ஒரு துவாஸ் என்று எண்ணுவார்கள், 1.949 மீட்டர். 50 துவாஸ் நீளமுள்ள தெருத் துண்டு 97.45 மீட்டர். அதையே 300 ஆங்கில அடி என்று படித்தால் 91.44 மீட்டர். ஆறு மீட்டர் காணோம். புதுச்சேரியின் தமிழர் பகுதித் தெருக்களில் ஆறு மீட்டர் என்பது திண்ணையும் தூணும் கதவுமாக ஒரு வீட்டின் முகப்பு. வரைபடத்தில் இருந்த வீடு தெருவில் இல்லை என்று எழுதப்படும் கதைகளின் மூலம் பெரும்பாலும் இந்த ஆறு மீட்டர்தான்.

நிலப் பரப்பில் இன்னும் மோசம். புதுச்சேரியில் குழி என்றால் 576 சதுர அடி, நூறு குழி ஒரு காணி. தஞ்சாவூர்ப் பக்கம் குழி 144 சதுர அடி. சொல் ஒன்று, பரப்பு நாலு மடங்கு. இரண்டு பத்திரத்தையும் ஒரே பாத்திரம் படித்தால் நிலம் நாலாகச் சுருங்கும். எண்ணைப் பாருங்கள்: வித்தியாசம் சரியாக நாலு மடங்கு என்றால் அது குழிப் பிரச்சினை. மூன்றே முக்கால், நாலேகால் என்று இழுத்தால்தான் வேறு ஏதாவது யோசிக்கலாம்.

வரைபட நகல் எடுக்கும்போது நடக்கும் கூத்து தனி. அச்சிடும்போது 'பக்கத்துக்குப் பொருத்து' என்ற வசதி தானாக விழுந்திருக்கும், அளவு மூன்று நான்கு சதவீதம் சுருங்கிவிடும். அச்சானதும் முதல் வேலையாக வரைபடத்தின் அளவுக்கோட்டை ஸ்கேல் வைத்து அளந்து, விளிம்பில் பென்சிலால் குறித்துவிடுங்கள். அளவுக்கோடே இல்லாத நகலைத் தூக்கிப் போட்டுவிடலாம். டிரேசிங் பேப்பரைக் கடற்கரைக் காற்றில் பிரித்து வைத்தால் ஈரம் குடித்து ஊறும், அதுவும் எல்லாத் திசையிலும் ஒரே மாதிரி ஊறாது. காலை வரைந்த கோடு மாலை ஒரு பக்கம் மட்டும் பொருந்தாமல் நின்றால் பேப்பரைச் சந்தேகப்படுங்கள். பிளாஸ்டிக் தாள் விலை கூடுதல், ஆனால் இந்தத் தொல்லை இல்லை.

பழைய வரைபடத்தை இன்றைய வரைபடத்தின் மேல் வைக்கக் குறைந்தது மூன்று மூட்டு வேண்டும், மூன்றும் ஒரே கோட்டில் இருக்கக் கூடாது. நாலாவது ஒன்று சோதனைக்கு: அதை வைத்துப் பொருத்தாதீர்கள், பொருத்திய பிறகு அது சரியாக விழுகிறதா என்று மட்டும் பாருங்கள். தெருச் சந்திப்புகள் நல்ல மூட்டு. 1761இல் ஆங்கிலேயர்கள் ஊரை இடித்துத் தரைமட்டம் ஆக்கினார்கள். 1765க்குப் பிறகு பிரெஞ்சுக்காரர்கள் திரும்பி வந்து பெரும்பாலும் பழைய தெருக்கட்டத்திலேயே மறுபடி கட்டினார்கள். அதனால் தெரு பொருந்தும், கட்டடம் பொருந்தாது. பழைய வரைபடத்தில் பெரிய கோட்டை நிற்கும் இடத்தில் இன்றைக்குப் பாரதி பூங்காவும் அதைச் சுற்றிய பகுதியும். கோட்டை காணாமல் போனதற்கு வேறு உலகம் தேவையில்லை, 1761 போதும்.

கடற்கரையை மட்டும் ஒருபோதும் மூட்டாக எடுக்காதீர்கள். துறைமுகத்துக்குக் கல்தடுப்பு கட்டிய 1980களின் கடைசிக்குப் பிறகு அதன் வடக்கே மணல் அரித்துப் போனது. இன்று கடற்கரைச் சாலையோரம் கிடக்கும் கருங்கல் வரிசை கடலைத் தடுக்கப் போட்டது. பழைய வரைபடத்தின் கரையை அந்தக் கல் வரிசையோடு பொருத்தினால் முழு ஊரும் சாய்ந்துபோகும்.

தீர்க்கரேகைக்கு வருவோம். பழைய பிரெஞ்சு வரைபடங்களுக்குப் பூஜ்ஜியக் கோடு கிரீனிச்சில் இல்லை, பாரிசில். இரண்டுக்கும் இடையே 2 பாகை 20 கலை 14 விகலை. புதுச்சேரி கிரீனிச்சுக்குக் கிழக்கே ஏறத்தாழ 79 பாகை 50 கலை; பாரிஸ் கணக்கில் 77 பாகை 30 கலை. பிரெஞ்சு எண்ணை அப்படியே செல்பேசி வரைபடத்தில் அடித்தால் ஊர் 250 கிலோமீட்டருக்கு மேல் மேற்கே தாவி, மேட்டூருக்கும் அந்தப் பக்கம் கர்நாடக எல்லை மலைக்காட்டில் போய் விழும். மலைக்காட்டுக்குள் ஒரு புதுச்சேரி என்பது நல்ல கதைக் கருதான், மறுப்பில்லை. ஆனால் கதாபாத்திரமாக வரும் ஆராய்ச்சியாளர் அதைக் கண்டுபிடிப்பாகச் சொன்னால், கொஞ்சம் விஷயம் தெரிந்த வாசகர் புத்தகத்தை மூடிவிடுவார்.

செல்பேசியின் இருப்பிடப் புள்ளி திறந்த வெளியில் ஐந்து மீட்டர் வரை தவறும், மாடி வீடுகள் நெருங்கிய தெருவில் இன்னும் கூடுதல். பத்து முறை பதிந்து சராசரி எடுத்தால் தாறுமாறான பிழை குறையும். சுவரில் பட்டுத் திரும்பும் சமிக்ஞையால் ஒரே பக்கமாகச் சாயும் பிழை குறையாது. பத்து மீட்டருக்கு உட்பட்ட எந்த வேறுபாட்டுக்கும் செல்பேசியைச் சாட்சிக்கு அழைக்காதீர்கள். 30 மீட்டர் நாடாவும் ஒரு துணை ஆளும் போதும்.

கடிகாரம் சுலபம். புதுச்சேரியில் சூரியன் உச்சிக்கு வருவது இந்திய நேரப்படி சராசரியாக 12 மணி 10 நிமிடம் 40 விநாடிக்கு. பிப்ரவரி நடுவில் 12.25 ஆகும், நவம்பர் தொடக்கத்தில் 11.54க்கே வந்துவிடும். நிழல் வைத்து நேரம் பார்க்கும் காட்சி எழுதினால் மாதத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

பெயர்தான் கடைசி, ஏனென்றால் பெயர் இடம் மாறும். வேதபுரீஸ்வரர் கோயில் 1748இல் இடிக்கப்பட்டதைப் பிள்ளை தினசரியில் எழுதியிருக்கிறார். அது பாதிரிமார் கோயிலை ஒட்டி நின்றது. இன்றைய வேதபுரீஸ்வரர் கோயில் ஈஸ்வரன் கோயில் தெருவில். பெயர் ஒன்று, இடம் இரண்டு. மாறாக நேரு வீதிக்கு முன்பு தூப்ளே பெயர். லால் பகதூர் சாஸ்திரி வீதிக்கு புஸ்ஸி பெயர், வயதானவர்களுக்கு இன்றும் அது புஸ்ஸி வீதிதான். இடம் ஒன்று, பெயர் இரண்டு. இவை இரண்டையும் பிரித்து எழுதத் தனித்தனிப் பத்தி வேண்டும். மிஷன் வீதி மாதா கோயிலை ஊர் சம்பா கோவில் என்கிறது. சம்பா நெல்லோடும் சம்பாத்தியத்தோடும் அதற்குச் சம்பந்தம் இல்லை. சேன் போல், அதாவது புனித பவுல், நாக்கில் தேய்ந்து சம்பா ஆனது. கட்டடம் போய், பாதிரிமார் சபை போய், பெயரின் ஒலி மட்டும் தங்கிய அடுக்கு இது. இப்படிப்பட்ட சொற்களைத் தனியாகச் சேருங்கள், ஒரு கொம்யூன் (உள்ளாட்சி வட்டாரம்), ஒரு சொல்தா (பிரெஞ்சுப் படையில் இருந்தவர்), ஒரு மேரி (நகராட்சி அலுவலகம்) என்று. பத்து சொல் சேர்ந்தால் உங்கள் கற்பனை ஊருக்குப் பேச்சு வந்துவிடும்.

மண்ணடுக்கைப் பழகுவதற்கு அரிக்கமேடு. அரியாங்குப்பம் ஆற்றங்கரையில், நகருக்குத் தெற்கே நாலு கிலோமீட்டர். 1945இல் தொல்லியலாளர் மார்ட்டிமர் வீலர் அங்கே தோண்டினார், பிறகு 1947 முதல் 1950 வரை கசால், 1989 முதல் 1992 வரை விமலா பெக்லி. வீலர் இத்தாலியில் செய்த அரெட்டைன் மட்பாண்டங்களின் ஓடுகளை மூட்டாக வைத்தார்: அவை எப்போது செய்யப்பட்டவை என்று ஐரோப்பாவில் தெரியும், ஆகவே அவை கிடக்கும் மண்ணடுக்குக்கும், கூடக் கிடக்கும் நம்மூர் ஓட்டுக்கும் காலம் சொல்லலாம். நல்ல முறைதான். ஆனால் அந்த ஒரு மூட்டுக்கு வெளியே ஊர் எவ்வளவு முன்னால் தொடங்கியது, எவ்வளவு பின்னால் நீடித்தது என்பதை அது சொல்லாது. பெக்லி குழுவின் வேலைக்குப் பிறகு ஊரின் ஆயுள் இரண்டு பக்கமும் நீண்டது. மூட்டு இருக்கும் இடத்தில்தான் அடுக்கு இருக்கிறது என்று நினைப்பது, விளக்குக் கம்பத்தடியில் மட்டும் சாவி தேடுவது மாதிரி.

அங்கே கவனிக்க இன்னொன்று உண்டு, அது குழிப் பள்ளம். பின்னால் வந்தவர்கள் பழைய சுவரின் செங்கல்லைத் தோண்டி எடுத்துப் போய்விடுவார்கள். சுவர் இருந்த இடத்தில் சுவரின் வடிவத்திலேயே பள்ளம் இருக்கும், அதற்குள் புது மண் நிறைந்திருக்கும். மேலிருந்து பார்த்தால் புது மண் ஆழத்தில் கிடக்கும், ஆழம் கூடினால் பழசு என்ற விதி அங்கே தலைகீழாகும். கதையில் ஒரு உலகத்தை இன்னொரு உலகம் கொள்ளையடித்திருந்தால் தடயம் பொருளாக இருக்காது, இப்படிப் பள்ளமாக இருக்கும். துறையில் இதை இல்லா அடுக்கு என்று வைத்துக்கொண்டால் நிறைய வேலைக்கு ஆகும்.

சோழி பற்றியும் சொல்ல வேண்டும். முன்பு மதராஸ் வானாய்வகத்தைக் கவனித்த ஜான் வாரன், 1825இல் புதுச்சேரிப் பஞ்சாங்கக்காரர் ஒருவர் தரையில் சோழிகளைப் பரப்பி, வாக்கியங்களை, அதாவது எண்களைச் சொற்களாக்கிய கணக்கு வாய்ப்பாட்டை, மனப்பாடமாகச் சொல்லிக்கொண்டே, அந்த ஆண்டு மே 31 இரவுச் சந்திர கிரகணத்தைக் கணக்கிட்டதைப் பதிந்திருக்கிறார். தொடக்க நேரம் 4 நிமிடம் தவறியது, நடு 23 நிமிடம், முடிவு 52 நிமிடம். காகிதமோ எழுதிய அட்டவணையோ இல்லாமல் இவ்வளவு நெருக்கம் என்பது ஒரு பக்கம். அடுக்குலகியலுக்கு வேண்டியது மறுபக்கம்: தொடக்கத்தை மட்டும் சோதித்திருந்தால் 4 நிமிடம், அபாரம் என்று மூடியிருப்போம். இரண்டு உலகங்களின் நிகழ்ச்சியை ஒப்பிடும்போது தொடக்கம், நடு, முடிவு மூன்றையும் ஒப்பிடுங்கள். தவறு ஒரே அளவில் இருந்தால் கடிகாரமோ அளவுகோலோ காரணம். தவறு போகப் போக வளர்ந்தால், கணக்கிடும் முறையே வேறு. இந்த ஒரு சோதனை பாதி மிச்சங்களைக் கொன்றுவிடும்.

இனி இணைகள். கடலூர்ச் சாலையில் பேருந்தில் போனால் இணை உலகத்துக்குள் நுழைந்து வெளியே வரலாம். புதுச்சேரி மாவட்டம் ஒரே துண்டு கிடையாது, பத்துக்கும் மேற்பட்ட துண்டுகளாகக் கடலூர், விழுப்புரம் மாவட்டங்களுக்கு நடுவே கிடக்கிறது. கிருமாம்பாக்கம் புதுச்சேரி, அதே சாலையில் உள்ள ரெட்டிச்சாவடி கடலூர் மாவட்டம், முள்ளோடை தாண்டினால் தமிழ்நாடு. வயலைப் பார்த்து எல்லை தெரியாது. பலகையைப் பார்த்துத்தான் தெரியும்.

எந்தப் பலகையை நம்புவது என்பதில் தரவரிசை உண்டு. கொம்யூன் பஞ்சாயத்து என்று எழுதிய அரசுப் பலகை கேள்வி கேட்காமல் புதுச்சேரி. ஊராட்சி ஒன்றியம் என்றால் தமிழ்நாடு. ரேஷன் கடைப் பலகையும் நம்பலாம். அஞ்சல் குறியீட்டை நம்ப முடியாது: கோட்டக்குப்பம் விழுப்புரம் மாவட்டத்தில் இருந்துகொண்டே 605இல் தொடங்கும். தொலைபேசிக் குறியீடு 0413உம் அப்படித்தான், எல்லை பார்க்காது. வண்டி எண் எல்லாவற்றையும் விட மோசம். வீட்டு வாசலில் பிஒய் 01 நின்றால் அந்த வீடு புதுச்சேரி என்று அர்த்தமில்லை, டிஎன் 31 நின்றால் கடலூர் என்றும் அர்த்தமில்லை. நகரும் பொருள் சாட்சி ஆகாது என்பது இந்தத் துறையின் முதல் விதியாகவே இருக்கலாம். போலீஸ்காரர் தலையில் சிவப்புக் கெப்பி தெரிந்தால் புதுச்சேரி, ஆனால் அவரும் நகரும் பொருள்தான்.

நடந்து அளக்கும்போது நூறு அடிக்கு ஒரு வரி. ஒவ்வொரு வரியிலும் நிலையான சாட்சி ஒன்றாவது இருக்க வேண்டும். இல்லாத வரியைக் காலியாக விடுங்கள். முன் வரியைப் பார்த்து இதுவும் அதுதான் என்று நிரப்பினால் எல்லை நீங்கள் சோம்பல்பட்ட இடத்தில் போய் நிற்கும்.

எல்லை எப்படிப் பிறந்தது என்பதற்குக் கடலூரில் கிடைக்கிற உதாரணம் மாதிரி எங்கும் பார்க்க முடியாது. 1690இல் தேவனாம்பட்டினக் கோட்டையை மராட்டியரிடம் வாங்கியபோது, பீரங்கிக் குண்டு விழும் தூரம் வரை உள்ள நிலமும் சேர்த்தி என்பது பேச்சு. மதராசில் இருந்து பீரங்கி அனுப்பி நாலா பக்கமும் சுட்டார்கள். அந்த வட்டத்துக்குள் வந்தவை குண்டு கிராமங்கள். கதையில் இப்படி ஒரு எல்லையை வரைகிறவர்கள் எல்லோரும் காம்பஸ் வைத்து வட்டம் போடுவார்கள். அப்படி வராது. கிழக்கே சுட்ட குண்டு கடலில் விழுந்து பயனில்லாமல் போகும். ஒவ்வொரு சூட்டிலும் மருந்தின் அளவும் ஈரப்பதமும் மாறும், குழாயைத் தூக்கும் கோணம் மாறும், காற்று ஒரு பக்கம் இழுக்கும். இதில் இன்னொன்று: விழுகிற குண்டு ஒரு புள்ளி, கிராமம் ஒரு பரப்பு. கிராமத்தின் ஓரத்தில் விழுந்தால் முழுக் கிராமமும் உள்ளேயா? பேரம் பேசுகிற இருவருக்கும் வேறு வேறு விடை இருக்கும். ஆகவே எல்லையை முதலில் எட்டுத் திசைக்கு எட்டுப் புள்ளியாகப் போடுங்கள், ஒன்றுக்கொன்று பத்து சதவீதம் கூடக் குறைய. பிறகு அந்தப் புள்ளியைத் தொடுகிற கிராமங்களின் முழு எல்லையை வரைந்து இணையுங்கள். கடைசியில் வட்டமும் இருக்காது, எண்கோணமும் இருக்காது, பழைய துணியைக் கிழித்தது போல ஒன்று வரும். அதுதான் சரியான எல்லை.

சட்டத்தின் இணை கண்ணுக்கே தெரியாது. 1881 செப்டம்பர் 21 பிரெஞ்சு ஆணைப்படி, தம் சாதி சமய வழக்கச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சு சிவில் சட்டத்துக்குள் வந்தவர்கள் ரெனோன்சான்கள். இன்றும் இந்து திருமணச் சட்டம் புதுச்சேரி ரெனோன்சான்களுக்குப் பொருந்தாது என்று அந்தச் சட்டத்துக்குள்ளேயே எழுதியிருக்கிறது. ஒரே தெரு, ஒரே சாமி, பக்கத்து வீட்டுக்காரருக்கு வேறு சட்டம். இந்த இணைக்கு மூட்டு இடம் கிடையாது, ஆள்தான். ஆள் வீடு மாறினாலும் சட்டம் கூடவே போகும். நகரும் பொருள் சாட்சி ஆகாது என்ற விதிக்கு இது ஒரே விலக்கு. நோட்டில் தனிப் பக்கம் வையுங்கள், எல்லை வரைபடத்தில் இதைப் போட முயலாதீர்கள்.

கடைசியாக, எல்லோரும் ஆசைப்படுகிற கேள்வி: ஒரே இடம் ஒரே நேரத்தில் இரண்டு நாடாக இருக்க முடியுமா. 1954 அக்டோபர் 18இல் கீழூரில் 178 பிரதிநிதிகளில் 170 பேர் இந்தியாவோடு இணைய வாக்களித்தார்கள், 8 பேர் எதிர்த்தார்கள். நவம்பர் 1இல் நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது. ஒப்படைப்பு ஒப்பந்தம் 1956 மே 28இல் கையெழுத்தானது, சட்டப்படி முழுமையானது 1962 ஆகஸ்ட் 16இல். இடைப்பட்ட காலத்தில் தெருவில் நடந்தது இந்திய நிர்வாகம், சட்டப் புத்தகத்தில் பிரெஞ்சு மண். உங்கள் பாத்திரம் 1958இல் புதுச்சேரியில் பிறந்தவர் என்றால் பிறந்த நாடு என்ற கட்டத்தில் ஒன்றை மட்டும் எழுதிவிடாதீர்கள். சராசரியாக்கி 'மாற்றக் காலம்' என்று மழுப்பவும் வேண்டாம். இரண்டு பத்தி போட்டு இரண்டையும் எழுதுங்கள். ஒன்றில் 1954 நவம்பர் 1 திங்கட்கிழமையோடு பிரெஞ்சு ஆட்சி முடியும், மற்றதில் 1962 ஆகஸ்ட் 16 வியாழக்கிழமையோடு. நடுவில் 2,845 நாள். ஏழால் வகுத்தால் மீதி மூன்று. திங்களிலிருந்து மூன்று நாள் எண்ணினால் வியாழன். கிழமை ஒத்துப்போகிறது, கணக்கு சரி. மிச்சம் என்ற கட்டத்தில் பூஜ்ஜியம் போட்டுவிட்டு அடுத்த வரிக்குப் போகலாம்.